ஒத்மார் கொடுத்த பட்டம்

கஃபே ரெசெடாவில் பட்டம் வழங்குபவர் ஹெர் ஒத்மார். தலைமை சர்வர்.

அவருடைய விதி எளியது. உள்ளே வருபவரை அவருக்கு உரியதைவிட ஒரு படி மேலே வைத்துக் கூப்பிடுவார். கல்லூரி மாணவன் டாக்டர். டாக்டர் பேராசிரியர். பேராசிரியர் அரசவை ஆலோசகர். வியன்னாவின் பழைய காபிக் கடைகளில் எல்லா சர்வர்களும் இதைச் செய்வார்கள், டிப்ஸுக்காக. ஒத்மார் அதற்காகச் செய்யவில்லை. ஒரு ஆளை ஒரு படி ஏற்றினால் அவன் முதுகு நிமிர்கிறது, மேசைவிரிப்பில் சிந்துவது குறைகிறது என்பது அவர் கணக்கு.

எங்கள் நாட்டில் அரசர் போய் நூறு வருடம் ஆகப்போகிறது. அரசவை மட்டும் இன்னும் போகவில்லை. பிரபுக்களின் பட்டங்களைச் சட்டம் போட்டு ஒழித்தோம். உத்தியோகப் பட்டங்களில் கை வைக்க யாருக்கும் துணிவு வரவில்லை. இன்றும் மூத்த அதிகாரிக்கு அரசவை ஆலோசகர் என்று பெயர். மேடையில் நீண்ட காலம் நடித்தவருக்கு அரசவை நடிகை என்று பெயர். அமைச்சகம் கொடுக்கும். சாகும்வரை கூட வரும். செத்த பிறகு கல்லறைக் கல்லில் பெயருக்கு முன்னால் நிற்கும்.

மேடையில் என்பது முக்கியம். எங்கள் ஊரில் சினிமாவில் நடிப்பது நடிப்பில் சேராது. அது முகம் காட்டுவது.

தேயா மார்விட்ஸ் அறுபது படங்களில் முகம் காட்டியவர்.

அவர் பிறந்தபோது பெயர் போல்டி வ்ராபெட்ஸ். ஊரின் தெற்கு ஓரத்தில், அப்பா வேலை பார்த்த செங்கல் சூளைக்குப் பக்கத்தில் வீடு. பதினெட்டு வயதில் பால் விளம்பரம் ஒன்றுக்காக ஆட்டுக்குட்டியைத் தூக்கிக்கொண்டு நின்றார். ஒரு தயாரிப்பாளர் பார்த்தார். ஆட்டுக்குட்டியையும் அவரையும் சேர்த்தே ஒப்பந்தம் செய்தார். முதல் படத்தில் மலைச் சத்திரக்காரரின் மகள் வேடம். மலையை அவர் முதன்முதலாகப் பார்த்தது படப்பிடிப்பில்தான். மயக்கம் வந்தது. இயக்குநர் அதைக் காதல் என்று நினைத்துப் படத்தில் வைத்துக்கொண்டார்.

போர் முடிந்து பத்து வருடம் ஆகியிருந்தது. மக்களுக்கு மலை வேண்டியிருந்தது, இடிபாடு இல்லாத மலை. ஏழு படங்களில் தேயா பணக்கார நகரத்தானை மறுத்து வனக்காவலரை மணந்தார். பிறகு மலை சலித்துவிட்டது. இளவரசிகள் வந்தார்கள். சூளைக்காரர் மகள் மூன்று படங்களில் இளவரசியாக இருந்தார். பிறகு இளவரசிகளும் சலித்தார்கள். ரோமுக்குப் போனார். அங்கே பேய்ப்படங்கள். இடைவேளைக்கு முன்பே அவரைக் கொன்றுவிடுவார்கள். நன்றாக அலறுவார் என்று பெயர் வந்தது. அதன் பிறகு வைக்கோல் போருக்குள் நடக்கும் நகைச்சுவைப் படங்கள். அவற்றைப் பற்றி அவர் பேசமாட்டார். நாங்கள் எல்லோரும் பார்த்திருக்கிறோம். கடைசியாகத் தொலைக்காட்சி. துப்பறியும் தொடர்களில் பிணத்தைக் கண்டுபிடிக்கும் வீட்டுக்காரி. "கதவைத் திறந்தேன், அப்படியே கிடந்தாரு" என்ற ஒரே வசனத்தை எத்தனையோ ஆய்வாளர்களிடம் சொல்லிவிட்டார்.

நடுவில் ஒரு முறை, முப்பது வயதில், பெரிய நாடக அரங்கு ஒன்றில் வாய்ப்புக் கேட்டுப் போனார். துயர நாடகம் ஒன்றிலிருந்து ஒரு ராணியின் பேச்சை முழுதாகச் செய்து காட்டினார். அரங்கின் தலைவர் கடைசிவரை கேட்டார். பிறகு, "நல்லாயிருக்கு. ஆட்டைக் கூட்டிட்டு வரலையா?" என்றார்.

இதை தேயா யாரிடமும் சொன்னதில்லை. எல்லோருக்கும் தெரியும்.

அதற்குப் பத்து வருடம் கழித்து ஒரு மழை நாளில் அவர் முதன்முதலாக ரெசெடாவுக்குள் வந்தார். ஒத்மாருக்கு அப்போது தலை நிறைய முடி. நடிகை என்று அடையாளம் தெரிந்தது. நடிகைக்கு ஒரு படி மேலே என்ன என்று யோசிக்க அவருக்கு நேரம் தேவைப்படவில்லை. எங்கள் ஊரில் பெண்களுக்குச் சொல்லும் வணக்கத்தோடு ஆரம்பித்தார்.

"கைக்கு முத்தம், அரசவை நடிகை அவர்களே. ஜன்னல் பக்கமா?"

தேயா தன் பின்னால் யார் வருகிறார்கள் என்று திரும்பிப் பார்த்தார். யாரும் இல்லை. கதவும் குடைத்தாங்கியும்தான் இருந்தன. ஜன்னல் பக்கம் போய் உட்கார்ந்தார். மறுநாளும் வந்தார்.

பட்டம் ரெசெடாவிலிருந்து மருந்துக் கடைக்குப் போனது. மருந்துக் கடையிலிருந்து மருத்துவருக்கு. பத்திரிகைக்காரர்கள் ரெசெடாவில்தான் காலை உணவு சாப்பிடுவார்கள். அவர்கள் வழியாக அச்சுக்குப் போனது. அச்சிலிருந்து தொலைக்காட்சிக்கு. தேயா தன் கையால் அதை எங்கும் எழுதியதில்லை. யாரிடமும் சொல்லிக்கொண்டதும் இல்லை. மறுக்கவில்லை, அவ்வளவுதான். கூப்பிடும்போது முகவாய் மட்டும் கொஞ்சம் உயரும்.

எண்பது வயது நெருங்கியபோது திரைப்படக் காப்பகத்தின் தலைவர், பிர்ஷ்னர் என்ற பெண்மணி, ஒரு வாரம் அவருடைய படங்களை மட்டும் திரையிட முடிவு செய்தார். முதல் நாள் மாலை அமைச்சரே வந்து வாழ்த்துவதாக ஏற்பாடு. தேயா புது உடை தைக்கக் கொடுத்தார். கருநீல வெல்வெட். அந்த உடையின் அளவு பற்றி ஒத்மாரிடம் தினமும் பேசினார். ஒரு வாரம் ஒரு அரங்கில் தன் முகம் மட்டும் ஓடுவதைப் பார்த்துவிட்டுச் சாகலாம் என்றார். வேடிக்கையாகச் சொல்லவில்லை.

அழைப்பிதழ் வந்தது. தடித்த காகிதம். "அரசவை நடிகை தேயா மார்விட்ஸ் எண்பது" என்று அச்சிட்டிருந்தார்கள்.

பிப்ரவரியில் ஒரு பிற்பகல் ஒல்லியான ஒருவர் கையில் தோல்பையுடன் ரெசெடாவுக்குள் வந்தார். தேயாவின் மேசைக்கு நேராகப் போனார். ஒத்மார் பின்னாலேயே வந்தார்.

"என்ன கொண்டு வரட்டும், சார்?"

வந்தவர் கொஞ்சம் காத்திருந்தார். பிறகு தானே சொன்னார். "நான் அரசவை ஆலோசகர் ஸ்வெட்லர். அமைச்சகத்துலேர்ந்து வர்றேன்."

"தெரியுது சார். பாத்தாலே தெரியுது. நிஜமானவங்களுக்கு நான் பட்டம் போடறதில்ல. அதான் வீட்ல இருக்கே."

ஸ்வெட்லர் உட்கார்ந்தார். நாங்கள் பக்கத்து மேசைகளில் பத்திரிகையை உயர்த்திக்கொண்டோம். எங்கள் ஊரில் ஒட்டுக்கேட்கப் பத்திரிகை கட்டாயம். அதற்காகத்தான் கடையே மரச்சட்டத்தில் மாட்டி இலவசமாகத் தருகிறது.

"ஒரு சின்ன சிக்கல், மேடம்," என்றார் ஸ்வெட்லர்.

"எனக்கு எண்பது ஆகப்போகுது. சின்னதுன்னா சொல்லுங்க. பெருசுன்னா முதல்ல ஒரு ஷ்நாப்ஸ் சொல்லுங்க."

ஸ்வெட்லர் கையைத் தூக்கி இரண்டு ஷ்நாப்ஸ், எங்கள் ஊர்ப் பழச்சாராயம், சொன்னார்.

"அமைச்சர் அன்னைக்குப் பேசணும். உங்களுக்கு எந்த வருஷம் பட்டம் கொடுத்தோம்னு பேச்சுல சேக்கச் சொன்னாரு. தேடினேன். கிடைக்கல."

"நல்லா தேடினீங்களா?"

"இருபத்தஞ்சு வருஷமா அந்த வேலையை நான்தான் பாக்கறேன். எனக்கு முன்னாடி இருந்தவரு முதியோர் இல்லத்துல இருக்காரு. அங்க போயும் கேட்டேன். உங்க படம் எல்லாம் அவருக்கு ஞாபகம் இருக்கு. பட்டம் கொடுத்தது மட்டும் ஞாபகம் இல்ல."

"பாவம், வயசாச்சு."

"மேடம்."

தேயா கரண்டியைத் தட்டில் வைத்தார்.

"யாரும் கொடுக்கல," என்றார்.

"அப்ப எப்படி?"

அவர் ஒத்மாரைப் பார்த்தார். ஒத்மார் காபி இயந்திரத்தின் அருகே கைத்துணிகளை மடித்துக்கொண்டிருந்தார். தேயா அவரைக் கைகாட்டவில்லை.

"பழகிப்போச்சு."

"இல்லாத பட்டத்தை வெச்சுக்கறது சட்டப்படி குத்தம், மேடம்."

"நான் வெச்சுக்கல. அதுவா வந்து உக்காந்துச்சு."

ஸ்வெட்லர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கெட்ட மனிதர் இல்லை. "அழைப்பிதழை மாத்தி அடிக்கலாம். அச்சுப்பிழைன்னு சொல்லிக்கலாம்."

"நாப்பது வருஷ அச்சுப்பிழையா? ஏன் எடுத்தீங்கன்னு மறுநாளே கேப்பாங்க. தலைப்பு என்னன்னு எனக்கு இப்பவே தெரியும். 'ஆட்டுக்காரி சொன்ன பொய்.' அதுக்கு நீங்க அந்த விழாவையே நிறுத்திடலாம்."

"அதையும் யோசிச்சோம்."

தேயா ஷ்நாப்ஸைக் குடித்தார். கிண்ணம் தட்டில் சரியாக உட்காரவில்லை. இரண்டு முறை வைத்துப் பார்த்தார்.

"முப்பது வயசுல ஒருத்தரு ஆட்டைக் கேட்டு என்னைத் திருப்பி அனுப்பினாரு. இப்ப நீங்க. பரவாயில்ல. வழி தெரியும்."

ஸ்வெட்லர் தன் ஷ்நாப்ஸைக் குடித்தார். குரலைத் தாழ்த்தினார். நாங்கள் பத்திரிகையின் பக்கத்தைத் திருப்புவதை நிறுத்தினோம்.

"அது மட்டும்னா சுலபம், மேடம். உங்க அறுபதாவது பிறந்தநாளுக்கு அமைச்சகத்துலேர்ந்து வாழ்த்து வந்துச்சா?"

"வந்துச்சு."

"எழுபதுக்கு?"

"பூவோட வந்துச்சு. எழுபத்தஞ்சுக்கு அமைச்சரே போன்ல பேசினாரு. இப்ப இருக்கறவரு இல்ல, அந்தத் தொண்டை கட்டினவரு."

"என்னன்னு கூப்பிட்டாரு?"

"என்னன்னு கூப்பிடுவாரு?"

ஸ்வெட்லர் கண்ணை மூடிக்கொண்டார். "அதெல்லாம் எழுதிக் கொடுத்தது நான்."

"நீங்க எங்கேர்ந்து எடுத்தீங்க?"

"பத்திரிகையிலேர்ந்து."

"பத்திரிகைக்காரங்க?"

இருவரும் காபி இயந்திரத்தின் பக்கம் பார்த்தார்கள். ஒத்மார் அடுத்த கைத்துணியை எடுத்தார்.

"அரசாங்கம் தப்பு செஞ்சதுன்னு ஆகக் கூடாது," என்றார் ஸ்வெட்லர். "அரசாங்கம் சொன்னது உண்மைன்னு ஆகணும். வேற வழி இல்ல."

தேயாவுக்குப் புரியக் கொஞ்சம் நேரம் ஆனது.

"கொடுக்கப்போறீங்களா?"

"மேடையில நடிச்சிருக்கணும். அந்த விதியை மட்டும் என்னால தாண்ட முடியாது. ஒரு தடவையாவது ஏறியிருக்கீங்களா?"

"பள்ளிக்கூடத்துல. கிறிஸ்துமஸ் நாடகம். போர் முடிஞ்ச மறுவருஷம்."

ஸ்வெட்லர் பேனாவைத் திறந்தார். "என்ன வேஷம்?"

"ஆடு."

பத்திரிகைகளுக்குப் பின்னால் ஒருவர் இருமினார்.

"வசனம்?"

"ஆட்டுக்கு ஏதுங்க வசனம்? கத்தினேன். நல்லா கத்தினேன்னு பாதிரியார் சொன்னாரு."

"'கிராமியப் பாத்திரம்'," என்று சொல்லிக்கொண்டே எழுதினார். "போருக்கு மறுவருஷம்னா, எழுபது வருஷ மேடை அனுபவம். இவ்வளவு யாருக்கும் கிடையாது."

தேயா சிரித்தார். அன்று முதல் முறையாக. பிறகு நிமிர்ந்து உட்கார்ந்து, கணவன் வீட்டாரிடம் பேசும் மணப்பெண்ணைப் போலக் கேட்டார்.

"விழா எப்ப? எத்தனை பேரைக் கூப்பிடலாம்?"

"விழா கிடையாது, மேடம்."

"சின்னதா?"

"உங்களுக்குப் பட்டம் இருக்குன்னு ஊருக்கே தெரியும். இருக்கறவங்களுக்கு எப்படி மறுபடி கொடுக்கறது? யாராவது பாத்தா அப்ப இத்தனை நாள் என்னன்னு கேப்பாங்க. என் அறையில, காலையில, கதவைச் சாத்திட்டு. நீங்களும் நானும்தான்."

"என் தங்கச்சி ஒருத்தி இருக்கா. அவ மட்டும் வரலாமா?"

"அவங்களுக்கு விஷயம் தெரியுமா?"

"எனக்குப் பட்டம் கிடைச்ச விழாவுக்கு அவளைக் கூப்பிடலன்னு நாப்பது வருஷமா என்கூடப் பேசறதில்ல."

ஸ்வெட்லர் பேனாவை மூடினார். "அப்ப இதுக்கும் கூப்பிட முடியாது," என்றார்.

தேயா ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். டிராம் ஒன்று போனது.

"சரி," என்றார். "கதவைச் சாத்தியே கொடுங்க."

ரகசியம் என்றால் எங்கள் ஊரில் ஒவ்வொருவரிடமும் ஒரு முறை மட்டும் சொல்வது. அதனால் அந்தக் காலை நடந்ததும் எங்களுக்குத் தெரியும். தேயா ஒத்மாரிடம் சொன்னார். ஒத்மார் எங்களிடம் சொன்னார், தனித்தனியாக.

திரையிடலுக்குப் பத்து நாள் முன்பு அது நடந்தது. தேயா கருநீல வெல்வெட்டைப் போட்டு, மேலே பழைய கோட்டை மாட்டிக்கொண்டு போனார். ஸ்வெட்லரின் அறை மூன்றாவது மாடியின் கடைசியில் இருந்தது. அறையைச் சூடாக்கும் குழாய் டக் டக்கென்று தட்டிக்கொண்டே இருந்தது. ஸ்வெட்லர் எழுந்து நின்று, குடியரசின் பெயரால் என்று ஆரம்பித்து, பட்டத்தை வாசித்தார். நடுவில் ஒரு பெண் கதவைத் தட்டி, "குப்பைக் கூடையை இப்ப எடுக்கவா, அப்புறம் வரவா?" என்று கேட்டாள். அப்புறம் வரச் சொன்னார்கள். ஒரு சின்னப் புட்டி நுரை மதுவை இருவரும் பங்கிட்டுக் குடித்தார்கள், தண்ணீர் குடிக்கும் டம்ளரில்.

பிறகு தேயா, "நான் ரெண்டு வார்த்தை பேசலாமா?" என்று கேட்டார்.

பேசினார். முப்பது வயதில் மனப்பாடம் செய்து வைத்த ஏற்புரை. அதில் அவர் நன்றி சொல்லியிருந்தவர்களில் பெரும்பாலோர் செத்துப்போயிருந்தார்கள். ஆனாலும் ஒருவரையும் விடவில்லை. ஸ்வெட்லரையும் ஒரு தொட்டிச் செடியையும் பார்த்துப் பேசினார். ஸ்வெட்லர் கடைசிவரை நின்றுகொண்டே கேட்டார். முடிந்ததும் கைதட்ட ஆரம்பித்தார். தாழ்வாரத்தில் கேட்கும் என்று நினைவு வந்து நிறுத்திக்கொண்டார்.

தேயா அங்கிருந்து நேராக ரெசெடாவுக்கு வந்தார். நடந்தே வந்தார். கோட்டின் பொத்தான்களைத் திறந்து விட்டிருந்தார். கன்னம் சிவந்திருந்தது. ஒத்மாரைத் தோளைப் பிடித்து இழுத்து, காதில் சொன்னார்.

ஒத்மார் தட்டைக் கீழே வைத்தார். குதிகால்களைச் சேர்த்து நின்றார். அவர் அவ்வளவு ஆழமாக வணங்கி நாங்கள் பார்த்ததில்லை.

"வாழ்த்துகள்," என்றார். "வழக்கம்போல மெலாஞ்ச் தானே, மேடம்?"

தேயா மீதிக்காகக் காத்திருந்தார். மீதி வரவில்லை.

"ஒத்மார்."

"சொல்லுங்க, மேடம்."

"ஏதோ விட்டுப்போச்சு."

"எதுவும் விடல, மேடம். இப்பதான் உங்களுக்கு இருக்கே."

"மேல ஒரு படி இல்லையா?"

"யோசிச்சுப் பாத்தேன். இதுக்கு மேல கடவுள்தான். அவரு எதிர்க்கடைக்குப் போறவரு."

நாங்கள் சிரித்தோம். தேயா சிரிக்கவில்லை.

"பழையபடியே கூப்பிட்டா என்ன கெட்டுப்போச்சு?"

ஒத்மார் உண்மையாகவே வருந்தினார். அது முகத்தில் தெரிந்தது. "பழையபடி கூப்பிட்டா அது வெறும் தகவல், மேடம். மரியாதை ஆகாது."

அவர் போய் மெலாஞ்ச், பால் நுரை மிதக்கும் காபி, கொண்டுவந்தார். வெள்ளித் தட்டில், பக்கத்தில் தண்ணீர் டம்ளர், டம்ளரின் மேல் கவிழ்த்த கரண்டி. எல்லாம் சரியாக இருந்தது. தேயா கோட்டைக் கழற்றவே இல்லை.

திரையிடல் சிறப்பாக நடந்தது. அரங்கு நிறைந்திருந்தது. பிர்ஷ்னர் அம்மையார் பூங்கொத்து கொடுத்தார். இந்தக் குடியரசு தன் பெரிய கலைஞர்களை நேரத்தோடு அடையாளம் கண்டுகொள்ளும் குடியரசு என்றார் அமைச்சர். எந்த வருடம் என்று சொல்லவில்லை. முன்வரிசையில் ஸ்வெட்லர் தன் காலணியைப் பார்த்துக்கொண்டிருந்தார். முதல் படத்தையே முதலில் போட்டார்கள். தேயா திரையில் வந்தபோது கைதட்டினார்கள். ஆட்டுக்குட்டி வந்தபோது இன்னும் அதிகமாகத் தட்டினார்கள்.

பிறகு எல்லோரும் வரிசையில் நின்று கைகுலுக்கினார்கள். "அரசவை நடிகை அவர்களே, வாழ்த்துகள்." "அரசவை நடிகை அவர்களே, எங்க அம்மா உங்க ரசிகை." "அரசவை நடிகை அவர்களே, ஒரு கையெழுத்து." தேயா தலையசைத்தார். வீட்டு முகவரியைச் சரிபார்க்கும்போது ஆம் என்பதுபோல. முகவாய் உயரவில்லை.

ஆனாலும் ரெசெடாவுக்கு வருவதை அவர் நிறுத்தவில்லை. அதே ஜன்னல், அதே மெலாஞ்ச். "கைக்கு முத்தம், மேடம்." அவ்வளவுதான். எதிர்க்கடையில் போய் உட்கார்ந்து பார்த்ததாகவும் கேள்வி. அங்கே சர்வர் அவரை முழுப் பட்டத்துடன் கூப்பிட்டானாம். அரை மணியில் எழுந்து வந்துவிட்டார்.

ஏப்ரலில் ஒரு மழை நாள். கதவைத் தள்ளிக்கொண்டு ஒரு பெண் உள்ளே வந்தாள். இருபத்தைந்து வயது இருக்கும். தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது. எங்கேயோ பார்த்த முகம். நூடுல்ஸ் விளம்பரத்தில் கரண்டியை நக்கிவிட்டுக் கண்ணடிப்பவள். எங்களுக்கு அது நினைவு வருவதற்குள் ஒத்மார் அவளிடம் போய்விட்டார். முடி இல்லாத தலையைத் தாழ்த்தினார்.

"கைக்கு முத்தம், அரசவை நடிகை அவர்களே. சுவரோரமா உக்காரலாமா?"

ஜன்னல் பக்கம் தேயாவின் தலை நிமிர்ந்தது. முகவாய் தானாக உயர்ந்தது. பிறகு அவர் பார்த்தார், ஒத்மாரின் முதுகை.

அந்தப் பெண் தன் பின்னால் யார் என்று திரும்பினாள். கதவும் குடைத்தாங்கியும் இருந்தன. மறுபடி ஒத்மாரைப் பார்த்தாள். ஏதோ சொல்ல வாயைத் திறந்தாள்.

நாங்கள் பத்திரிகையை உயர்த்திக்கொண்டோம்.

"உன்னைத்தாம்மா," என்றார் தேயா, ஜன்னல் பக்கத்திலிருந்து. அரங்கின் கடைசி வரிசைவரை கேட்கும் குரல். "ஒண்ணும் சொல்லாதே. திரும்பியும் பாக்காதே. போய் உக்காரு."